'நோலி மே தாங்கரே'யை ஒன்பதாம் வகுப்பில் நடத்துவது எப்படி? அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

தேசிய வீரராகக் கொண்டாடப்படும் ஹோசே ரிசாலின் 'நோலி மே தாங்கரே' நாவலைத் தொடாமல் பிலிப்பைன்ஸில் எந்தப் பிள்ளையும் உயர்நிலைப் பள்ளியை முடிப்பதில்லை. அந்த நாட்டில் ஆசிரியர் வேலைக்குப் போயிருக்கும் நம்மவர்களும், அங்கே பிள்ளைகளைப் படிக்க வைக்கும் பெற்றோரும் இந்த நாவலைப் பற்றித் திரும்பத் திரும்பக் கேட்பவற்றுக்கு இங்கே பதில் எழுதியிருக்கிறேன். நடுநிலையான பதில்கள் என்று சொல்ல மாட்டேன். இதை முதலில் கதையாக நடத்த வேண்டும், தேசபக்தி பிறகு தானாக வரும் என்பது என் கட்சி.

முதலில் கதையைச் சொல்லுங்கள். நான் படித்ததே இல்லை.

ஸ்பெயின் ஆட்சிக் காலம். ஏழு வருஷம் ஐரோப்பாவில் இருந்துவிட்டு ஊர் திரும்புகிறான் கிரிசோஸ்தோமோ இபார்ரா, பணக்கார வீட்டுப் பிள்ளை. அப்பா டோன் ரஃபாயேல் இறந்த செய்தி அவனுக்குத் தெரியும். சிறையில் கிடந்து செத்தார் என்பதும், பாதிரியார் டாமசோவின் உத்தரவில் பிணத்தைத் தோண்டி எடுத்தார்கள் என்பதும் வந்த பிறகுதான் தெரிகிறது. சீனர்களின் மயானத்தில் கொண்டுபோய்ப் புதைக்கச் சொல்லி உத்தரவு. அன்று நல்ல மழை, பிணமோ கனம். வெட்டியான் ஏரியில் தள்ளிவிட்டுப் போய்விட்டான்.

இவ்வளவு கேட்டும் இபார்ரா பழிவாங்கக் கிளம்பவில்லை. சான் டியேகோ என்ற தன் ஊரில் ஒரு பள்ளிக்கூடம் கட்டப் பார்க்கிறான். அடிக்கல் நாட்டும் அன்று அவனைக் கொல்ல முயற்சி நடக்கிறது. எலியாஸ் என்ற படகோட்டி காப்பாற்றுகிறான். அதைத் தொடர்ந்த விருந்தில் டாமசோ இறந்துபோன அப்பாவை இழித்துப் பேச, இபார்ரா கத்தியை எடுத்துவிடுகிறான். திருச்சபை அவனை விலக்கி வைக்கிறது. மரியா கிளாராவுடன் நிச்சயித்த கல்யாணம் நின்றுபோகிறது. அவன் பெயரில் ஒரு பொய்க் கலகத்தை ஜோடித்துக் கைது செய்கிறார்கள். எலியாஸ் அவனைத் தப்பவைத்துவிட்டுத் தான் சாகிறான். மரியா கிளாரா கன்னிமாடத்துக்குப் போகிறாள்.

இதன் ஊடே சீசா என்ற ஏழைத் தாயும் அவளுடைய இரண்டு சிறுபிள்ளைகளும் வருகிறார்கள். வருஷங்கள் கழித்து மாணவர்களைக் கேட்டுப் பாருங்கள். இபார்ராவை மறந்திருப்பார்கள், சீசாவை மறந்திருக்க மாட்டார்கள்.

தலைப்பு லத்தீன், உயிர்த்தெழுந்த இயேசு மகதலா மரியாளிடம் 'என்னைத் தொடாதே' என்று சொல்வதாக யோவான் நற்செய்தியில் வரும் வாசகம்.

சட்டம் போட்டா ஒரு நாவலைப் படிக்க வைக்கிறார்கள்?

ஆமாம். 1956 ஜூன் 12 தேதியிட்ட குடியரசுச் சட்டம் 1425. ஊரில் எல்லோருக்கும் அது 'ரிசால் சட்டம்'. அரசுப் பள்ளி, தனியார் பள்ளி, கல்லூரி எதுவானாலும் ரிசாலின் வாழ்க்கையும் எழுத்தும் பாடத்தில் இருக்க வேண்டும். குறிப்பாக நோலியும் அதன் தொடர்ச்சியான 'எல் ஃபிலிபுஸ்தெரிஸ்மோ'வும். மசோதாவை எழுதியவர் செனட்டர் கிளாரோ ரெக்தோ. செனட்டில் அதை முன்னின்று நடத்தியவர் ஹோசே லாரெல். கத்தோலிக்கத் திருச்சபை முழு மூச்சாக எதிர்த்தது. கத்தோலிக்கப் பள்ளிகளையே மூட வேண்டிவரும் என்றுகூடப் பேச்சு எழுந்தது. கடைசியில் ஒரு சமரசம்: கல்லூரியில் வெட்டுப்படாத முழுப் பதிப்பையே பாடநூலாக வைக்க வேண்டும். சமய நம்பிக்கை காரணமாக அதைப் படிக்க முடியாதவர் சத்தியப் பிரமாணம் எழுதிக் கொடுத்து விலக்குக் கேட்கலாம். ஆனால் ரிசால் பாடத்திலிருந்தே விலக்கு கிடையாது.

1887இல் பெர்லினில் இந்தப் புத்தகத்தை அச்சடிக்க ரிசாலிடம் காசில்லை. நண்பர் மாக்சிமோ வியோலா கொடுத்த 300 பெசோவில்தான் 2,000 பிரதிகள் வெளியே வந்தன. அதே ரிசாலின் எழுத்தை மலிவுப் பதிப்பாக அச்சடித்துக் கிராமங்களுக்கு இலவசமாகக் கொடுக்க 1956இன் சட்டம் அனுமதித்த தொகை 3,00,000 பெசோ. மாணவர்களுக்கு இதைச் சொன்னால் சட்டத்தின் பெயரும் எண்ணும் தன்னால் நினைவில் நிற்கும்.

எந்த வகுப்பில், எந்தப் பாடத்தின் கீழ் வருகிறது?

மழலையர் வகுப்பு முதல் பன்னிரண்டு வரையிலான கே-12 பாடத்திட்டம் வந்த பிறகு வரிசை இப்படி: ஏழாம் வகுப்பில் 'இபோங் அதார்னா', எட்டில் பாலக்தாஸின் 'ஃபுளோரான்தே அத் லாவுரா' (இரண்டும் பழைய கதைப்பாடல்கள்), ஒன்பதில் நோலி, பத்தில் ஃபிலி, அதாவது 'எல் ஃபிலிபுஸ்தெரிஸ்மோ'. நான்குமே ஃபிலிப்பினோ மொழிப் பாடத்தில்தான் வரும். வரலாற்றுப் பாடத்தில் அல்ல. புதிதாகப் போகிறவர்கள் இதைக் கவனிப்பதில்லை. மொழிப் பாடம் என்றால் நடை, உரையாடல், கதை சொல்லும் விதம் ஆகியவற்றை நடத்த உங்களுக்கு முழு உரிமை உண்டு என்று பொருள். நடைமுறையில் பலரும் வரலாற்றுக் குறிப்புகளை எழுதிப்போட்டே காலத்தை ஓட்டிவிடுகிறார்கள்.

ஒரு கால்பருவம்தான் கையில் இருக்கும். அதுவும் ஆண்டின் கடைசிக் கால்பருவம். பரீட்சை, ஆண்டு விழா, ஒத்திகை என்று வாரங்கள் கழிந்துகொண்டே போகும். அதற்கேற்பத் திட்டமிடுங்கள்.

எந்தப் பதிப்பை வாங்கச் சொல்வது?

ரிசால் எழுதியது ஸ்பானிய மொழியில். இன்றைய மாணவர்களில் அதைப் படிக்கத் தெரிந்தவர்கள் அபூர்வம். ஆகவே எல்லோருமே மொழிபெயர்ப்பில்தான் படிக்கிறார்கள். தங்கள் நாட்டின் தலையாய நாவலை அந்த நாட்டுப் பிள்ளைகள் மூலத்தில் படிக்க முடியாமல் இருப்பது ஒரு விசித்திரம்தான்.

ஃபிலிப்பினோவுக்கு அடிப்படையான தகலாக் மொழியில் பஸ்குவால் பொப்லெத்தேயின் பழைய மொழிபெயர்ப்பு 1909ஐச் சேர்ந்தது, நடை கடினம். விர்ஜிலியோ அல்மாரியோவின் மொழிபெயர்ப்பு இன்றைய காதுக்கு இணக்கமானது. ஆங்கிலத்தில் சார்ல்ஸ் டெர்பிஷயர் 1912இல் செய்தது காப்புரிமை முடிந்தது, இணையத்தில் இலவசமாகக் கிடைக்கும், ஆனால் வாக்கியங்கள் நீளம். லியோன் மரியா குரேரோவின் மொழிபெயர்ப்பு சரளமாக ஓடும். ஓடவைப்பதற்காக மூலத்தில் கைவைத்திருக்கிறார் என்ற குறை அதன்மேல் உண்டு. சொலெதாத் லக்சொன்-லொக்சின் 1996இல் வெளியிட்டது மூலத்தை ஒட்டியது. ஆசிரியர் கையில் இருக்க ஒன்றே ஒன்றைத் தேர்ந்தெடுக்கச் சொன்னால் அதைச் சொல்வேன்.

கடைகளில் குவிந்து கிடக்கும் சுருக்கப் பதிப்புகளில் ஒவ்வொரு அத்தியாயமும் ஒன்றரைப் பக்கத்துக்குள் முடிந்திருக்கும், கீழே அருஞ்சொற்பொருள், பிறகு ஐந்து கேள்வி. கதை இருக்கும், ரிசாலின் நக்கல் போயிருக்கும். நக்கல் போன நோலியைப் படித்துவிட்டுப் பிள்ளைகள் 'போர்' என்றால் குறை அவர்கள்மேல் இல்லை.

64 அத்தியாயங்களையும் நடத்தி முடிக்க முடியுமா?

முடியாது, வேண்டியதும் இல்லை. முன்னுரை போல வரும் சமர்ப்பணத்தையும் பதினெட்டு இருபது அத்தியாயங்களையும் முழுசாகப் படியுங்கள். மீதியை நீங்களே வாய்மொழியாகக் கதை சொல்லி இணைத்துவிடுங்கள். முழுசாகப் படிக்க வேண்டியவை என்று நான் நினைப்பது: விருந்து நடக்கும் 3, ஊரின் உண்மையான அதிகாரம் யார் கையில் என்று சொல்லும் 11, மயானத்துக்குப் போகும் 13, கோயில் மணிக்கூண்டில் சிறுவர்கள் வரும் 15, சீசாவின் 16, 21, பள்ளி ஆசிரியரின் 19, ஊரில் தத்துவம் பேசும் கிழவர் டாசியோவின் வீட்டுக்குப் போகும் 25, அடிக்கல் விழா 32, கத்தி எடுக்கும் 34, எலியாஸ் பேசும் 49, 50, பிறகு 60லிருந்து கடைசிவரை.

'எலியாஸும் சலோமேயும்' என்று ஒரு அத்தியாயத்தை ரிசால் எழுதிவிட்டு அச்சுச் செலவைக் குறைக்க எடுத்துவிட்டார். அதை இடையில் சேர்த்திருக்கும் பதிப்பில் அத்தியாய எண் ஒன்று தள்ளி வரும். வகுப்பில் இரண்டு பதிப்பு இருந்தால் முதல் நாளே பார்த்துவிடுங்கள். பாதிப் பேர் தப்பான அத்தியாயத்தைப் படித்துவிட்டு வந்து நிற்பார்கள்.

முதல் வகுப்பை ரிசாலின் வாழ்க்கை வரலாற்றிலிருந்துதானே தொடங்க வேண்டும்?

எல்லோரும் அப்படித்தான் செய்கிறார்கள். 1861இல் கலாம்பாவில் பிறந்தார், கண் மருத்துவம் படித்தார், 1896 டிசம்பர் 30 அன்று மணிலாவின் பாகும்பாயான் திடலில் சுட்டுக்கொல்லப்பட்டார். பிள்ளைகள் இதை ஒன்றாம் வகுப்பிலிருந்தே கேட்டிருக்கிறார்கள். காசில் அவர் முகம், ஊர் நடுவில் அவர் சிலை, தெருவுக்கு அவர் பெயர். இன்னொரு தடவை சொன்னால் பிள்ளைகளின் கண் ஜன்னல் பக்கம் போய்விடும்.

சாப்பாட்டு மேசையிலிருந்து தொடங்குங்கள். மூன்றாம் அத்தியாயம். மரியா கிளாராவின் அப்பா என்று ஊர் நினைக்கும் கபிடான் தியாகோவின் வீட்டில் இபார்ராவுக்கு வரவேற்பு விருந்து. மேசையின் தலைமை நாற்காலிக்கு இரண்டு பாதிரியார்கள் கண் வைத்திருக்கிறார்கள்: பிரான்சிஸ்கன் சபையின் டாமசோ, டொமினிகன் சபையின் சிபிலா. 'நீங்கள் உட்காருங்கள்', 'இல்லை நீங்கள்' என்று உபசாரம் பண்ணிக்கொண்டே இருவரும் அந்த நாற்காலியை விட மறுக்கிறார்கள். பிறகு தினோலா வருகிறது. கோழியும் பூசணியும் போட்ட சாறு. டாமசோவின் தட்டில் வந்து விழுவது வெறும் கழுத்தும் முரட்டு இறக்கையும்; மீதி பூராவும் பூசணித் துண்டு, தண்ணீர். பக்கத்தில் இருப்பவர்கள் தொடையும் மார்புக் கறியும் தின்கிறார்கள். இபார்ராவின் தட்டில் ஈரலும் மற்ற நல்ல துண்டுகளும். டாமசோ இரண்டு பூசணித் துண்டை நசுக்குகிறார், சாறைப் பேருக்கு வாயில் வைக்கிறார், கரண்டியைச் சத்தமாகப் போடுகிறார், தட்டைத் தள்ளுகிறார்.

இதைச் சத்தமாகப் படிக்க வைத்துவிட்டு ஒரே ஒரு கேள்வி கேளுங்கள்: 'அந்தக் கழுத்தை யாராவது வேண்டுமென்றே வைத்தார்களா, இல்லை தற்செயலா?' வகுப்பு இரண்டாகப் பிரிந்துவிடும். தினோலா அவர்கள் வீட்டில் இன்றும் வைக்கும் சாப்பாடு. கழுத்து யார் தட்டுக்குப் போகும், கால் யாருக்கு என்பதில் ஒவ்வொரு வீட்டுக்கும் ஓர் அரசியல் உண்டு. அதிகாரம், அவமானம், சாதுரியம் எல்லாம் அந்த ஒரு தட்டில் இருக்கிறது. அதற்குப் பிறகு டாமசோ இபார்ராவின் படிப்பைக் கிண்டல் செய்வதும், இபார்ரா பதிலுக்குக் கத்தாமல், 'இவர் என் அப்பா வீட்டு மேசையில் அடிக்கடி சாப்பிட்டவர்' என்ற அர்த்தத்தில் பணிவாகக் குத்திவிட்டுப் போவதும் வருகிறது. 34ஆம் அத்தியாயத்தில் மீண்டும் ஒரு சாப்பாட்டு மேசை. அங்கே அதே இபார்ராவின் கையில் கத்தி. முதல் மேசையை ஒழுங்காக நடத்தியிருந்தால் இரண்டாவதை விளக்கவே வேண்டாம்.

ரிசாலின் வாழ்க்கையை நடுவில், தேவை வரும்போது சொல்லிக்கொள்ளலாம். புத்தகம் வந்தபோது அவருக்கு வயது 25 என்பதை மட்டும் முதலிலேயே சொல்லிவிடுங்கள். சிலையில் இருப்பவர் வயதானவர் என்று நினைத்துக்கொண்டிருப்பார்கள்.

ஒரே ஓர் அத்தியாயத்தைத்தான் ஆழமாக நடத்த முடியும் என்றால் எது?

பத்தொன்பது. பெயர்கூடச் சொல்லப்படாத ஒரு பள்ளி ஆசிரியர் ஏரிக்கரையில் இபார்ராவிடம் தன் பாட்டைச் சொல்கிறார். ஆசிரியர்களாகிய நாம் இதை வாசிக்கும்போது சிரிப்பும் வரும், வயிற்றெரிச்சலும் வரும்.

பள்ளிக்கென்று கட்டடம் கிடையாது. பாதிரியார் இல்லத்தின் கீழ்த்தளத்தில், அவருடைய வண்டி நிற்கும் இடத்துக்குப் பக்கத்தில் வகுப்பு. பிள்ளைகள் வழக்கப்படி உரக்கப் படித்தால் மேலிருந்து பாதிரியார் இறங்கி வந்து திட்டுவார். புரியாத ஸ்பானியப் பாடத்தை மனப்பாடமாக ஒப்பிப்பதுதான் படிப்பு. ஆசிரியர் இரண்டு காரியம் செய்து பார்க்கிறார். ஒன்று, பிரம்பைக் கீழே வைக்கிறார். பயம் போனதும் பிள்ளைகள் அதிகமாக வருகிறார்கள், கற்கிறார்கள். இன்னொன்று, பிள்ளைகளுக்கு ஸ்பானிய மொழியைக் கொஞ்சம் கொஞ்சமாகப் பழக்குகிறார். டாமசோ ஆளனுப்பிக் கூப்பிடுகிறார். ஆசிரியர் ஸ்பானியத்தில் வணக்கம் சொன்னதும், இரவல் சட்டை உனக்கு எதற்கு, உன் மொழியே உனக்குப் போதும் என்று மட்டம் தட்டுகிறார்.

பிரம்பைத் திரும்ப எடுக்க வைப்பது பாதிரியார் மட்டும் அல்ல, பெற்றோரும்தான். அந்தக் காலத்தில் அடி வாங்கித்தான் படித்தோம், அடிக்காத வாத்தியார் என்ன வாத்தியார் என்கிறார்கள். ஆசிரியர் மனசில்லாமல் பிரம்பை எடுக்கிறார், வருகை குறைகிறது, அவருக்கு உடம்புக்கு முடியாமல் போகிறது.

இதை நடத்தும்போது கெட்டவன் யார் என்ற கேள்வியைத் தள்ளிப்போடுங்கள். டாமசோ கெட்டவர், அதில் என்ன விவாதம்? 'பெற்றோர் ஏன் பாதிரியார் பக்கம் நின்றார்கள்?' என்று கேளுங்கள். மாணவர்கள் தங்கள் வீட்டைப் பற்றிப் பேச ஆரம்பிப்பார்கள். பிலிப்பைன்ஸில் எந்த மொழியில் பாடம் நடத்துவது என்ற சண்டை இன்றும் ஓயவில்லை. மாணவர்களே தினமும் வீட்டில் ஒரு மொழி, ஃபிலிப்பினோ வகுப்பில் ஒன்று, கணக்கு வகுப்பில் ஆங்கிலம் என்று மாற்றிக்கொண்டிருப்பவர்கள்தான். நீங்கள் தூண்டிவிடவே வேண்டாம்.

பிற்பாடு 1892இல் ரிசாலை நாட்டின் தெற்கே உள்ள தபித்தான் என்ற ஊரில் கொண்டுபோய் வைத்தார்கள். அங்கே அவர் ஊர்ப் பையன்களைச் சேர்த்து ஒரு சின்னப் பள்ளி நடத்தினார். வாழ்க்கை வரலாற்றை வகுப்பில் கொண்டுவர இதைவிட நல்ல இடம் கிடையாது.

நாவல் மதத்துக்கு எதிரானதா? கத்தோலிக்கப் பெற்றோர் ஆட்சேபித்தால் என்ன சொல்வது?

நாட்டில் ஐந்தில் நான்கு பேர் கத்தோலிக்கர். அவர்களுடைய பள்ளிகளிலேயே இன்று நோலி பாடமாக ஓடிக்கொண்டிருக்கிறது. ஆனாலும் கேள்வி நியாயமானது. 1887இல் சாந்தோ தோமாஸ் பல்கலைக்கழகப் பேராசிரியர் குழு இதை மதவிரோதமானது, பக்திக்கு முரணானது, இடறல் உண்டாக்குவது என்றே அறிக்கை கொடுத்தது.

வகுப்பில் நான் பிரித்துக்காட்டுவது இதைத்தான்: ரிசால் குறிவைப்பது ஸ்பானியத் துறவற சபைகளின் உலக அதிகாரத்தை. நிலம் அவர்களுடையது, பள்ளி அவர்களுடையது, யார் நல்ல குடிமகன் என்று சான்று கொடுப்பதும் அவர்களே. பாவசங்கீர்த்தனத்தில் காதில் விழுந்ததாகச் சொல்லிக்கொண்டே, டாமசோவுக்குப் பிறகு சான் டியேகோவுக்கு வந்த பாதிரியார் சால்வி காவல்படையை ஏவிவிடுகிறார். கலாம்பாவில் ரிசாலின் குடும்பமே டொமினிகன் சபையின் நிலத்தில் குத்தகைதாரர்கள், பிற்பாடு வெளியேற்றப்பட்டவர்கள். அதே சமயம் பக்தியையும் அவர் கிண்டல் செய்கிறார், மறைக்க வேண்டாம். பதினெட்டாம் அத்தியாயத்தில் ஊர்ப் பெண்கள், இறந்தபின் ஆன்மா பாவம் கழியத் தங்கும் உத்தரிய ஸ்தலத்திலிருந்து விடுபடச் சேர்த்த பலன்களைக் கணக்குப்பிள்ளை மாதிரிக் கூட்டி, யாருக்கு எத்தனை என்று போட்டி போடுகிறார்கள். பக்தியுள்ள பிள்ளைகளும் அதற்குச் சிரிக்கத்தான் செய்கிறார்கள்.

ஆட்சேபிக்கும் பெற்றோரிடம் ஃபிலியில் வரும் பாதிரியார் ஃபுளோரெந்தினோவைப் பற்றிச் சொல்லுங்கள். நாவலாசிரியர் மிகவும் மதிக்கும் பாத்திரங்களில் ஒருவர் அவர். நோலியிலும் எல்லா ஸ்பானியரும் கெட்டவர்கள் இல்லை. இபார்ராவின் அப்பாவுக்கு நேர்ந்ததை அவனுக்குச் சொல்லும் லெப்டினன்ட் குவேராவும் ஸ்பானியர்தான்.

ரிசால் சாவதற்குமுன் மனம் மாறி எழுதிக்கொடுத்ததாகச் சொல்லப்படும் கடிதத்தைப் பற்றி யாராவது கேட்பார்கள். 1935இல் கிடைத்த அந்தத் தாளை உண்மை என்பாரும் பொய் என்பாரும் இன்றும் உண்டு என்று சொல்லிவிட்டு நாவலுக்குத் திரும்பிவிடுங்கள். இல்லாவிட்டால் ஒரு வாரம் போய்விடும்.

சீசா பகுதி 14 வயதுப் பிள்ளைகளுக்குத் தாங்குமா?

தாங்கும், ஆனால் வேகமாகக் கடந்து போகாதீர்கள். மூத்தவன் பசிலியோ, இளையவன் கிறிஸ்பின். கோயிலில் மணியடிக்கும் சிறுவர்கள். பணம் திருடியதாகக் கிறிஸ்பினைப் பிடித்து அடிக்கிறார்கள். பசிலியோ தப்பி ஓடிவருகிறான். கிறிஸ்பின் திரும்பி வரவே இல்லை. அவன் என்ன ஆனான் என்பதை ரிசால் நேரடியாகக் காட்டுவதில்லை. பிள்ளைகளைத் தேடிப்போன தாயைத் திருடனின் தாய் என்று காவலர்கள் தெருவழியே இழுத்துப் போகிறார்கள். அன்றே அவள் புத்தி பேதலிக்கிறது.

வீட்டில் அடிவாங்கும் பிள்ளை உங்கள் வகுப்பில் இருக்கலாம். பள்ளி ஆலோசகரிடம் முன்கூட்டியே சொல்லி வையுங்கள். பையன்கள் சிலர் பைத்தியக்காரி வேஷம் போட்டுக் கிச்சுக்கிச்சு மூட்டப் பார்ப்பார்கள். சீசாவை நாடகமாகப் போடுவது அங்கே பள்ளிகளில் வழக்கம் என்பதால் இது நடந்தே தீரும். நான் சீசாவை நடிக்க விடுவதில்லை. அதற்குப் பதில் அந்தக் காவலர்களையும், பார்த்துக்கொண்டு நிற்கும் ஊராரையும் பேச வைப்பேன். அவளைப் பார்த்தும் பேசாமல் போன ஓர் ஆளாக இருந்து அரைப் பக்கம் எழுதச் சொன்னால் நல்ல எழுத்து வரும்.

மரியா கிளாராவின் உண்மையான தகப்பன் டாமசோ என்பதை மழுப்ப வேண்டியதில்லை. அதைத் தெரிந்துகொண்டுதான் வகுப்புக்கே வருகிறார்கள்.

மரியா கிளாராவை மாணவிகளுக்குப் பிடிக்கவில்லையே?

பிடிக்காது. அழுகிறாள், மயங்கி விழுகிறாள், கடைசியில் கன்னிமாடம். அவளைப் பெண்களுக்கு முன்மாதிரியாக நிறுத்தியது பிற்காலத்தவர்கள். கார்மென் குரேரோ நாக்பில் என்ற கட்டுரையாளர், நூறு வருஷத்தில் ஃபிலிப்பினோ பெண்ணுக்கு நேர்ந்த மிகப் பெரிய துரதிர்ஷ்டமே மரியா கிளாராதான் என்ற பொருளில் எழுதினார். அதைப் பலகையில் எழுதிவிட்டு அறுபதாம் அத்தியாயத்தைப் படிக்கச் சொல்லுங்கள். பெற்ற தாயின் கடிதங்களைக் காட்டி மிரட்டியதால்தான் இபார்ராவின் கடிதத்தை எதிரிகள் கையில் கொடுத்தேன் என்று அவளே அவனிடம் சொல்கிறாள். அதன் பிறகும் மாணவிகள் அவளை மன்னிக்காமல் போகலாம். போகட்டும்.

ஸ்பானியக் கணவர்களைக் கட்டிய உள்ளூர்ப் பெண்களான டோன்யா விக்டோரினா, டோன்யா கொன்சொலாசியோன் இருவரையும் தொடும்போது ஜாக்கிரதை. தாங்கள் ஸ்பானியர் என்று காட்டிக்கொள்ள அவர்கள் படும் பாடு செம சிரிப்பு. ஆனால் அதிகார ஆசை பிடித்த ஆண்களைவிட இந்தப் பெண்களிடம் ரிசால் கருணை குறைவாகக் காட்டுகிறாரா என்ற கேள்வியை யாராவது ஒரு மாணவி எழுப்புவாள். எனக்குக் குறைவாகத்தான் காட்டுகிறார் என்று தோன்றுகிறது.

இபார்ரா சரியா, எலியாஸ் சரியா? விவாதத்தை எப்படி முடிப்பது?

முடிக்காதீர்கள். 49ஆம் அத்தியாயத்தில் எலியாஸ் ஒடுக்கப்பட்டவர்களின் குரலாக வந்து காவல்படையிலும் சபைகளிலும் சீர்திருத்தம் கேட்கிறான். இபார்ரா அந்தத் தீமைகள் இப்போதைக்குத் தேவை என்கிறான். நாவல் முடியும்போது நிலைமை தலைகீழ்: எல்லாவற்றையும் இழந்த இபார்ரா கலகம் என்கிறான், எலியாஸ் அப்பாவி ஜனங்களை நினைத்துத் தடுக்கிறான். இந்த மாற்றத்தைக் கவனிக்காமல் இபார்ரா மிதவாதி, எலியாஸ் புரட்சிக்காரன் என்று பட்டிமன்றம் வைப்பதுதான் வழக்கமாக நடக்கிறது. இரண்டு உரையாடல்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் படிக்க வைத்தால் பட்டிமன்றமே வேறு மாதிரி ஆகிவிடும்.

ரிசால் எந்தப் பக்கம் என்று கேட்பார்கள். 1892 ஜூலையில் அவர் தொடங்கிய 'லா லிகா ஃபிலிப்பினா' சீர்திருத்தம் கேட்ட அமைப்பு. அதே மாதம் அவர் கைதானதும் அந்திரேஸ் போனிஃபாசியோ தொடங்கிய 'கதிபுனான்' ஆயுதம் எடுத்தது. போனிஃபாசியோ ரிசாலைப் படித்தவர். ஒரே புத்தகம் இரண்டு வழிக்கும் இடம் கொடுத்தது என்பதோடு நிறுத்திக்கொள்வேன்.

பரீட்சையில் என்ன கேட்பது?

'இதை யார் யாரிடம் சொன்னது', 'சீசா எதன் குறியீடு' ஆகிய இரண்டையும் தவிர எதுவும். சீசா என்றால் தாய்நாடு, டாசியோ என்றால் அறிவுஜீவி, கபிடான் தியாகோ என்றால் ஒத்துழைத்த பணக்காரன் என்று ஒரு பட்டியல் வருஷக்கணக்காகக் கைமாறிக்கொண்டிருக்கிறது. அதைப் படித்தவனுக்கு நாவல் தேவையில்லை. சுண்டல் மடித்த காகிதம் மாதிரி, உள்ளே இருப்பது காலியானதும் தூக்கிப் போட்டுவிடுவான்.

பதினோராம் அத்தியாயத்தில் பாதிரியார் சால்விக்கும் காவல்படை அதிகாரிக்கும் நடக்கும் அற்பச் சண்டை இருக்கிறது. அதிகாரி பூசைக்கு வந்தால் பாதிரியார் கோயில் கதவைச் சாத்தச் சொல்லிவிட்டு நீளமாகப் பிரசங்கம் செய்வார். பதிலுக்கு அதிகாரி கையில் சிக்கிய கோயில் பையனை அடித்துப் படைவீட்டுத் தரையைத் தேய்க்க விடுவார். 'உன் ஊரில் இப்படிப்பட்ட இரண்டு அதிகாரங்கள் எவை, நடுவில் தரை தேய்ப்பவர் யார்?' என்று கேளுங்கள். பெயர் எழுத வேண்டாம் என்று மட்டும் முன்னெச்சரிக்கையாகச் சொல்லி வையுங்கள். டாமசோவை விசாரிக்கும் நீதிமன்ற நாடகமும் நன்றாக ஓடும். டாமசோவின் வக்கீலாக வகுப்பின் கெட்டிக்காரப் பிள்ளையைப் போடுங்கள். 62ஆம் அத்தியாயத்தில் அவர் மகளுக்காக அழுவதை அந்தப் பிள்ளை கண்டுபிடித்து எடுத்து வந்துவிடும்.

தொலைக்காட்சித் தொடரைப் பார்த்துவிட்டு வந்து படித்தேன் என்கிறார்களே?

2022 அக்டோபரிலிருந்து 2023 பிப்ரவரி வரை ஜிஎம்ஏ தொலைக்காட்சியில் 'மரியா கிளாரா அத் இபார்ரா' ஓடியது. இந்தக் காலத்து நர்சிங் மாணவி ஒருத்தி நோலிக்குள்ளேயே போய் விழுந்துவிடும் கதை. ஆசிரியர்கள் பலருக்கு அது பெரிய உதவி. தொடரில் அந்தப் பெண் பாத்திரங்களோடு சண்டை போடுகிறாள், எதிர்க் கேள்வி கேட்கிறாள். நாம் வகுப்பில் வேண்டுவதும் அதுதானே. தொடரில் வந்த ஒரு காட்சியையும் புத்தகத்தில் அதே இடத்தையும் ஒப்பிட்டு, எதை மாற்றினார்கள், ஏன் என்று எழுதச் சொல்லுங்கள். படிக்காதவர் தானாக மாட்டிக்கொள்வார்.

ஹெரார்தோ டே லியோன் 1961இல் எடுத்த கறுப்பு வெள்ளைப் படமும் உண்டு. முழுசாகப் போட்டால் பாதி வகுப்பு தூங்கிவிடும்.

என் பிள்ளைக்குத் தகலாக் சரியாக வராது. எப்படிச் சமாளிப்பது?

அந்த நாட்டுப் பிள்ளைகளிலேயே செபுவானோ, இலோகானோ பேசும் வீடுகளிலிருந்து வருபவர்களுக்குப் பழைய தகலாக் நடை திணறல்தான். உங்கள் பிள்ளை தனியாக இல்லை. வகுப்பில் நடத்தப்போகும் அத்தியாயத்தை முந்தின நாள் இரவே ஆங்கிலத்தில் படிக்க வையுங்கள். கதை தெரிந்துவிட்டால் தகலாக் வாக்கியம் பாதி தானாகப் புரியும். பாத்திரங்களின் பெயரைச் சத்தமாகச் சொல்லிப் பழக்குங்கள். ஸ்பானியப் பெயர்கள், பட்டங்கள், உறவுகள் மூன்றும் குழம்புவதால்தான் பலர் ஐந்தாம் அத்தியாயத்தில் கைவிடுகிறார்கள்.

பத்தாம் வகுப்பில் ஃபிலி வருகிறதே, அதற்கு இப்போதே ஏதாவது செய்ய வேண்டுமா?

1891இல் பெல்ஜியத்தின் கென்ட் நகரில் அச்சான நூல் அது. 1872இல் கழுத்தை நெரித்துக் கொல்லப்பட்ட கோமெஸ், பூர்கோஸ், சாமோரா என்ற மூன்று குருமாருக்குச் சமர்ப்பணம். நோலியைவிட இருண்டது, சிரிப்பு குறைவு. பதின்மூன்று வருஷம் கழித்துக் கதை தொடர்கிறது. பசிலியோ வளர்ந்து மருத்துவ மாணவனாக வருகிறான், சிமோன் என்ற நகை வியாபாரி ஊருக்குள் நுழைகிறான். சிமோன் யார் என்பது எல்லோருக்கும் தெரிந்த ரகசியம். ஆனாலும் நீங்களாகச் சொல்லிவிடாதீர்கள். தெரியாத இரண்டு பிள்ளைகளாவது இருக்கும்.

ஒன்று மட்டும் செய்யலாம். நோலியின் 63ஆம் அத்தியாயத்தில், கிறிஸ்துமஸ் இரவில், இபார்ரா குடும்பத்துக் காட்டில் சீசாவின் பிணத்தருகே பசிலியோ நிற்கும் பக்கங்களைப் பிரதியெடுத்து வைத்துக்கொள்ளச் சொல்லுங்கள். ஃபிலியின் ஆறு, ஏழாம் அத்தியாயங்களில் அவன் அந்தக் காட்டுக்கே திரும்பி வருகிறான், அங்கே சிமோனைப் பார்க்கிறான். பத்தாம் வகுப்பு ஆசிரியர் வேறு ஆளாக இருந்தால் அவருக்கும் ஒரு பிரதி கொடுத்துவிடுங்கள்.